கேன்டீனுக்குப் பக்கத்து அறை

ஜூன் 4, செவ்வாய்

இந்த டைரி, மில்லுக்கு பெல்ட் சப்ளை செய்கிறவர்கள் புது வருஷத்துக்குக் கொடுத்தது. ஐந்து மாதமாகப் பீரோவில் சும்மா கிடந்தது. இன்றிலிருந்து எழுதப் போகிறேன். நாளைக்கு ஏதாவது பிரச்சினை என்று வந்தால் கையில் ஒரு சாட்சி இருக்க வேண்டும்.

அதனால் முறைப்படியே எழுதுகிறேன். என் பெயர் துளசிமணி. வயது நாற்பத்தொன்பது. உடுமலைப் பக்கம் ஒரு நூல் மில்லில் இருபத்தாறு வருஷ சர்வீஸ். அறுந்த நூலை ஒட்டுகிற வேலைக்குச் சேர்ந்து, இப்போது காலை ஷிஃப்டுக்கு சூப்பர்வைசர். எனக்குக் கீழே முப்பத்திரண்டு பெண்கள்.

கேன்டீனுக்குப் பக்கத்தில் காலி அட்டைப்பெட்டிகள் போட்டு வைக்கிற அறை ஒன்று உண்டு. அதைக் காலி செய்து, பச்சை பெயின்ட் அடித்து, இன்று ‘பக்கத்துணை’ என்று போர்டு மாட்டிவிட்டார்கள். கோயமுத்தூரில் இருக்கும் ஒரு தொண்டு நிறுவனமாம். ஷிஃப்ட் முடிந்ததும் எச்.ஆர். சபரிநாதன் சார் எங்களை வரிசையாக நிறுத்தி மைக்கில் பேசினார். அவர் மைக்கை வாய்க்குள் வைத்துக்கொண்டுதான் பேசுவார். பாதி பிடிபடவில்லை. பிறகு என் ஷிஃப்டில் இருக்கும் பவளக்கொடியிடம் கேட்டுத் தெரிந்துகொண்டேன். ஆட்கள் சேர்ந்த வேகத்தில் வேலையை விட்டுப் போகிறார்களாம். அவர்களை நிறுத்தி வைக்க வழி சொல்வதற்கு இந்த நிறுவனமாம். செவ்வாய், வியாழன் ஒரு பெண் வந்து அந்த அறையில் உட்காருவாள். வீட்டுக் கஷ்டம், உடம்புக் கஷ்டம், பிள்ளையைப் பார்த்துக்கொள்ள ஆள் இல்லாதது, எதுவானாலும் போய்ச் சொல்லலாம். சொன்னது வெளியே போகாது.

கம்பெனி கூட்டி வந்த ஆளிடம் சொன்னது கம்பெனிக்குப் போகாதாம்! இரண்டு வருஷத்துக்கு முன்னால் எங்கள் எல்லோருக்கும் சாப்பாட்டு கேரியர் இலவசமாகக் கொடுத்தார்கள். அடுத்த மாதமே ஆளுக்கு ஒரு மெஷின் கூடுதலாகப் பார்க்கச் சொன்னார்கள். நான் மறக்கவில்லை.

யார் உள்ளே போகிறார்கள், எத்தனை நிமிஷம் இருக்கிறார்கள், வரும்போது முகம் எப்படி இருக்கிறது, எல்லாம் இதன் கடைசிப் பக்கங்களில் பட்டியலாக இருக்கும்.

ஜூன் 6, வியாழன்

வந்தவள் பெயர் ரோஸ்லின். முப்பது வயது இருக்கலாம். மார்த்தாண்டம் பக்கத்துக்காரி. பெரிய கண்ணாடி, பருத்திச் சுடிதார், தோளில் துணிப்பை.

முதல் ஆளாக உள்ளே போனது பவளக்கொடி. என் பெண்களிலேயே கெட்டிக்காரி. இருபத்திரண்டு நிமிஷம். வெளியே வந்தபோது கண் சிவந்திருந்தது. “என்ன அம்முணி, என்ன கேட்டா?” என்றேன். என்னவோ சொல்லிச் சிரித்தாள். என்ன சொன்னாள் என்று மறுபடி கேட்க எனக்கு இஷ்டமில்லை.

பிறகு என் பெண்களில் இன்னொருத்தி, தங்கலட்சுமி, போனாள். பத்து நிமிஷம்.

சாப்பாட்டு நேரத்தில் ரோஸ்லின் என்னிடம் வந்தாள். அந்த ஊர்ப் பேச்சே வேறு. பாதி வார்த்தையை முழுங்கிவிடுகிறாள். நான் தலையாட்டி வைத்தேன். ஏதோ கேட்டிருப்பாள் போல, பதிலுக்குக் காத்திருந்தாள். மறுபடியும் தலையாட்டினேன். கொஞ்ச நேரம் என் முகத்தையே பார்த்துவிட்டுப் போனாள். ஆளை எடை போடுகிற பார்வை.

ஜூன் 11, செவ்வாய்

ரோஸ்லின் கேன்டீனில் இரண்டு தட்டு வைத்துக்கொண்டு தனியாக உட்கார்ந்திருந்தாள். ஒரு தட்டு யாருக்கென்று தெரியவில்லை. என்னைப் பார்த்துக் கையை அசைத்தாள். நான் வேறு மேசைக்குப் போனேன். பவளக்கொடி பிற்பாடு சொல்கிறாள்: “ஏனக்கா, செவ்வாக்கெழம சேந்து சாப்புடலாமுன்னு அந்தக்கா கேட்டதுக்குச் சரீன்னு தலையாட்டுனீங்களாமே?”

நான் எப்போது சரி என்றேன்? இப்படித்தான் ஆரம்பிப்பார்கள்.

ஜூன் 13, வியாழன்

இரண்டு சங்கதி.

ஒன்று: பவளக்கொடிக்கு இனி எப்போதும் காலை ஷிஃப்டாம். மற்றவர்களுக்கு வாரம் ஒரு ஷிஃப்ட் மாறும், அவளுக்கு மாறாது. அவளுக்கு மூன்று வயதில் ஒரு பெண் குழந்தை. புருஷன் விட்டுவிட்டுப் போய்விட்டான். பக்கத்து வீட்டு அம்மா பகலில்தான் குழந்தையைப் பார்த்துக்கொள்வார்களாம். காரணம் சரிதான். ஆனால் என்னைக் கேட்கவில்லை. நாலு வருஷமாக அவளுக்கு வேலை சொல்லிக் கொடுத்த என்னை விட்டுவிட்டு, ஒரு வாரத்துக்கு முன் வந்த ஒருத்தி எச்.ஆரிடம் பேசி முடித்துவிட்டாள்.

இரண்டு: தங்கலட்சுமியை வேலையை விட்டு நிறுத்திவிட்டார்கள். ஆள் அதிகம் என்றார்களாம். அவள் நாலு மாதம் முழுகாமல் இருக்கிறாள் என்பது இன்றைக்குத்தான் எனக்கே தெரியும். யாருக்குமே தெரியாது. அந்த அறைக்குத் தவிர.

இதை இரண்டு முறை கோடு போட்டு வைக்கிறேன்.

ஜூன் 16, ஞாயிறு

துணி துவைத்தேன். ரேஷன் அரிசி புடைத்தேன். அவரோடு சண்டை. டிவியை ஊரே கேட்கிற மாதிரி வைக்கிறேனாம். மேல்வரிசைப் பல் எடுத்ததிலிருந்து அவர் பேசுவது யாருக்கும் விளங்குவதில்லை, அதை நான் சொல்லிக் காட்டுகிறேனா?

மகள் போன் செய்தாள். எங்கள் வீட்டில் சிக்னல் மோசம். “சரி சாமி, சரி சாமி” என்று சொல்லி வைத்துவிட்டேன். அவர் சொல்கிறார், அவள் லீவுக்கு வரட்டுமா வேண்டாமா என்று கேட்டாளாம்.

ஜூன் 25, செவ்வாய்

புது உத்தரவு. எல்லோரும் முகத்தில் மாஸ்க் போட வேண்டும். பஞ்சுத் தூசு நெஞ்சுக்கு ஆகாது என்று பக்கத்துணைக்காரர்கள் எழுதிக் கொடுத்து, கம்பெனியும் வாங்கிவிட்டது.

இருபத்தாறு வருஷம் தூசு தின்றுதான் வேலை செய்தோம். மெஷின் ஓடும்போது அந்தச் சத்தத்தில் யார் பேசினாலும் யாருக்கும் கேட்காது. கையசைப்பு, வாயசைப்பு, இதுதான் எங்கள் பாஷை. உள்ளே எல்லோரும் ஒன்றுபோல. முப்பதடி தூரத்தில் ஒருத்தி உதட்டைச் சுழித்தாலே நான் என்னவென்று சொல்லிவிடுவேன். என்னை மாதிரி வாய் பார்த்துப் பேசுகிற ஆள் இந்த மில்லில் இல்லை என்று பழைய மேனேஜரே சொல்வார்.

இப்போது முப்பத்திரண்டு மாஸ்க். கண்கள் மட்டும் தெரிகின்றன. யார் யாரைப் பற்றி என்ன பேசுகிறார்கள் என்று யார் கண்டது? நான் கடந்து போனதும் கண்கள் சிரிக்கிற மாதிரி இருக்கிறது. இதற்குத்தானோ மாஸ்க்?

ஜூன் 27, வியாழன்

நோட்டீஸ் ஒட்டினார்கள். ஜூலை 11 அன்று வேன் வரும். கண், காது, ரத்தம் பரிசோதனை. எல்லாருக்கும் கட்டாயம்.

காங்கேயம் ரோட்டில் வேறொரு மில்லில் இருந்த ருக்மணிக்கு இப்படித்தான் நடந்தது. டெஸ்ட் என்றார்கள். டெஸ்ட் முடிந்த மறுமாதம் சூப்பர்வைசரிலிருந்து எடுத்து வாசல் கூட்டப் போட்டார்கள். அவள் ரோஷக்காரி, நின்றுவிட்டாள். இப்போது கோழிப் பண்ணையில் முட்டை பொறுக்குகிறாள்.

ஏன் காது? கண்ணும் ரத்தமும் சரி. காதை ஏன் பார்க்க வேண்டும்? யார் என்ன சொல்லியிருக்கிறார்கள்?

ஜூலை 2, செவ்வாய்

ரோஸ்லின் மெஷின் பக்கம் வந்து என் பின்னால் நின்றிருக்கிறாள். நான் திரும்பியபோது திடுக்கென்றது. எவ்வளவு நேரம் நின்றாளோ. மாஸ்க்கை இறக்கிவிட்டு, “அக்கா, ஒரு நாளு அறைக்கு வாருங்க” என்றாள். நிதானமாக, ஒவ்வொரு வார்த்தையாக. என்னமோ சின்னப்பிள்ளைக்குச் சொல்வது போல.

போக மாட்டேன்.

ஜூலை 9, செவ்வாய்

எச்.ஆர். சார் கூப்பிட்டு அனுப்பினார். உட்காரச் சொன்னார். டீ வரவழைத்தார். இருபத்தாறு வருஷத்தில் அந்த ரூமில் எனக்கு இது முதல் டீ.

எதிரே உட்கார்ந்து, முகத்தைப் பார்த்துப் பேசினார். ஒரு வார்த்தை விடாமல் விளங்கியது.

“உங்க கண்ணுல படாம இங்க எதுவும் நடக்காதுன்னு சொல்றாங்க. அந்த ரூமுக்குப் போறவங்கள நீங்க குறிச்சு வெக்கிறீங்களாமே?”

கேன்டீனில் துண்டுப் பேப்பரில் குறித்துக்கொண்டு வந்து வீட்டில்தான் இதில் ஏற்றுகிறேன். யாரோ பார்த்திருக்கிறார்கள்.

“சும்மாதானுங் சார்.”

“நல்லதுதான். அந்தப் பொண்ணு எனக்கு நம்பர் மட்டும்தான் தருது. போன மாசம் பத்தொம்பது பேரு வந்தாங்க, அவ்வளவுதான். பேரு கேட்டா முடியாதுங்குது. அக்ரிமென்டுல அப்படி இருக்காம். அக்டோபர்ல ஆளக் கொறைக்க வேண்டி வரலாம். யாரு எப்படியும் நிக்கமாட்டாங்கன்னு தெரிஞ்சா நமக்குச் சுலபம் பாருங்க.”

‘நமக்கு’ என்றார்.

பேரு தரவில்லையா அவள்? அப்படியானால் தங்கலட்சுமி? இவர் என்னிடம் நடிக்கிறாரா, அவள் இவரிடம் நடிக்கிறாளா?

சும்மா ஒன்றிரண்டு சொன்னேன். எல்லோருக்கும் தெரிந்ததுதான். பவளக்கொடி முதல் நாளே இருபத்திரண்டு நிமிஷம் இருந்தாள், அழுதுகொண்டு வந்தாள் என்று. அதில் ஒன்றுமில்லை. அவளுக்குத்தான் ஷிஃப்டே வாங்கிக் கொடுத்துவிட்டார்களே, அவளை யார் என்ன செய்துவிடப் போகிறார்கள்?

ஜூலை 11, வியாழன்

லீவு. வயிற்று வலி என்று எழுதிக் கொடுத்தேன். கொஞ்சம் வலிக்கத்தான் செய்தது.

ஜூலை 16, செவ்வாய்

பவளக்கொடிக்கு அடிபட்டுவிட்டது. இன்று எழுத முடியவில்லை.

ஜூலை 17, புதன்

எழுதித்தான் ஆக வேண்டும்.

நேற்று ஒன்பதரை மணி. ஏழாம் நம்பர் மெஷினில் ரோலருக்குக் கீழே சேர்ந்த பஞ்சைத் துடைக்கும்போது பவளக்கொடியின் வலது கை உள்ளே போய்விட்டது. இரண்டு விரல் நசுங்கிவிட்டது. அதில் ஒன்றின் நுனியே போய்விட்டது. ஒடிசாப் பெண் ஜுனு, நாலு மெஷின் தள்ளி நின்றவள், ஓடி வந்து என்னைத் தள்ளிவிட்டு சுவிட்சை அமுக்கினாள். அவள் தள்ளியதில் என் தோள் தூணில் இடித்தது. அப்போதுதான் திரும்பினேன்.

ஓடுகிற மெஷினில் கை வைக்கக் கூடாது என்று சிவப்பில் எழுதிப் போட்டிருக்கிறது. அந்தச் சத்தத்தில் யார் கூப்பிட்டாலும் யாருக்குக் கேட்கும்? மாஸ்க் வேறு.

ஆனால் ஜுனுவுக்குக் கேட்டிருக்கிறது.

ஜூலை 18, வியாழன்

எச்.ஆர். சார் ஒரு பேப்பரை நீட்டினார். டைப் அடித்து வைத்திருந்தார். ‘மேற்படி தொழிலாளி குடும்பப் பிரச்சினையால் சில வாரங்களாக மன உளைச்சலில் இருந்தார். வேலையில் கவனமின்றி இருந்தார். ஓடும் இயந்திரத்தில் கை வைக்க வேண்டாம் என்று சம்பவத்தன்று இருமுறை எச்சரித்தேன்.’ கீழே என் பெயர். கையெழுத்துக்கு இடம்.

“நீங்க சொன்னதுதானே? அழுதுட்டு வந்தாங்கன்னு? அடுத்த வியாழக்கெழம ஃபேக்டரி இன்ஸ்பெக்டர் வராரு. அதுக்கு முன்னால குடுத்துருங்க. உங்க மேலயும் கேள்வி வராமப் போயிரும்.”

பேப்பரை மடித்து எடுத்து வந்தேன். பீரோவில் இருக்கிறது.

நான் எச்சரிக்கவில்லை. அதற்கு நேர்மாறாகத்தான் சொன்னேன். அன்று காலை ஏழு மணிக்கு, “மெஷின நிறுத்துனா கணக்கு வராது அம்முணி, ஓடறப்பவே தொடச்சு உடு” என்றேன். தினமும் சொல்கிறதுதான். எல்லா சூப்பர்வைசரும் சொல்கிறதுதான்.

ஜூலை 20, சனி

ஆஸ்பத்திரிக்குப் போனேன். ஆறு ஆரஞ்சு வாங்கிக்கொண்டேன். உரித்துத் தின்ன அவளுக்கு வலது கை உதவாதே என்பது படியேறும்போதுதான் தோன்றியது.

கையில் பெரிய கட்டு. அவள் குழந்தை கட்டிலுக்கு அடியில் உட்கார்ந்து மாத்திரை அட்டையை வைத்து விளையாடிக்கொண்டிருந்தது. பவளக்கொடி என்னைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை. அதுவே எனக்குக் கஷ்டமாக இருந்தது.

“மூணு தடவ கத்துனனுங்க்கா,” என்றாள். “துளசிமணியக்கா, துளசிமணியக்கான்னு உங்க பேரச் சொல்லித்தான். நீங்க சுவிட்சுக்குப் பக்கத்துலயே நின்னுட்டிருந்தீங். கைய நீட்டியிருந்தாப் போதும்.”

நான் ஆரஞ்சை உரித்தேன்.

“உங்களக் கேக்காம ஷிஃப்ட் மாத்திக்கிட்டன்னு கோவமுங்களா? அதுக்கா அப்படி நின்னீங்?”

அவள் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருக்கிறாள். நாலு நாளாக அந்தக் கட்டிலில் படுத்துக்கொண்டு, நான் வேண்டுமென்றே நின்றேன் என்று நினைத்துக்கொண்டிருக்கிறாள்.

ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். உரித்த பழத்தைக் குழந்தையிடம் கொடுத்துவிட்டு வந்துவிட்டேன்.

ஜூலை 21, ஞாயிறு

இட்லிக்கு ஆட்டினேன். கிரைண்டர் ஓடிக்கொண்டிருக்கிறதா நின்றுவிட்டதா என்று தொட்டுப் பார்த்துத்தான் தெரிந்துகொள்கிறேன். எத்தனை நாளாக இப்படி? மூன்று வருஷம் இருக்கும். அதற்கு மேலும் இருக்கலாம்.

ஜூலை 23, செவ்வாய்

அறைக்குப் போனேன்.

இந்த நோட்டில் முப்பத்தேழு பேர் உள்ளே போன நேரம் இருக்கிறது. இன்று முப்பத்தெட்டாவதாக நானே. பத்து மணி நாற்பது.

உள்ளே ஒரு மேசை, இரண்டு நாற்காலி, ஒரு தண்ணீர் ஜக்கு. அவ்வளவுதான். நான் என்னென்னவோ நினைத்து வைத்திருந்தேன்.

ரோஸ்லின் எழுந்து கதவைச் சாத்தினாள். நாற்காலியை இழுத்து எனக்கு நேர் எதிரே, வெளிச்சம் அவள் முகத்தில் விழுகிற மாதிரி போட்டு உட்கார்ந்தாள். மாஸ்க்கை எடுத்தாள். அப்போதே எனக்குப் புரிந்துவிட்டது.

“எப்பருந்து தெரியும்?” என்றேன்.

“மொத நாளே தெரியும்க்கா. எனக்க அம்மைக்கும் இப்படித்தான். முந்திரி உடைக்க ஆபீசுல, மெஷினு சத்தத்துல இருந்தாவ. நீங்க தலையாட்டுனது கண்டப்பவே அம்மை ஓர்மை வந்துட்டு.”

“எச்.ஆர்.கிட்டச் சொன்னியா?”

“இல்ல.”

“ஏன்?”

“நீங்க எங்கிட்டச் சொல்லலியே. நீங்க சொல்லாத்தத நான் எப்படிச் சொல்லது?”

நல்ல பதில்தான். நான் விடவில்லை. “அப்பறம் தங்கலட்சுமி? அவ முழுகாம இருந்தது உனக்குத்தான தெரியும்?”

அவள் கண்ணாடியைக் கழற்றித் துப்பட்டாவில் துடைத்தாள். துடைத்து முடிந்த பிறகும் துடைத்துக்கொண்டே இருந்தாள்.

“அது நான்தான்க்கா சொன்னேன். வந்த ரெண்டாவது நாளு. அவளுக்கு உக்காந்து செய்ய வேலை குடுங்கன்னு கேட்டேன். ஏன்னு கேட்டாரு. நல்லது செய்வாருன்னு நெனச்சிச் சொல்லிப்போட்டேன். அவட்டக் கேக்காம சொன்னேன். மூணு நாளுல அனுப்பிட்டாரு. அதுக்குப் பொறவுதான் ஒரு பேரும் குடுக்கல.”

“உங்க ஆபீசுக்குத் தெரியுமா?”

“இன்னும் சொல்லல. சொன்னா எனக்க வேலை போவும்.”

ஏழு வாரமாக இவளைப் பற்றி நான் சந்தேகப்பட்டது சரிதான் என்று ஆகிவிட்டது. எனக்குச் சந்தோஷம் வர வேண்டும். வரவில்லை. அவள் ஒரு பெயரைச் சொன்னாள், நல்லது நடக்கும் என்று நினைத்து. நானும் ஒரு பெயரைச் சொன்னேன். நான் எதை நினைத்துச் சொன்னேன்? ஒரு டீக்கும், எதிரே ஒருவர் உட்கார்ந்து தெளிவாகப் பேசியதற்கும்.

அதையும் சொன்னேன். எச்.ஆர். கொடுத்த பேப்பரைக் காட்டினேன். ஏழு மணிக்கு நான் பவளக்கொடியிடம் சொன்னதைச் சொன்னேன். அவள் எதையும் எழுதிக்கொள்ளவில்லை.

“இப்ப நான் என்ன செய்யோணும்?”

“நான் சொல்ல மாட்டேன்க்கா. உங்களுக்கு என்னல்லாம் நடக்கலாம்னு மட்டும் சொல்லுதேன்.” சொன்னாள். உண்மையைச் சொன்னால் சூப்பர்வைசர் வேலை போகலாம். மில்லில் பல வருஷம் இருந்து காது போனால் அதை வேலையால் வந்த கோளாறு என்று கேட்க வழி உண்டு, ஆனால் நாளாகும். பேப்பரில் கையெழுத்துப் போட்டால் எனக்கு ஒன்றும் ஆகாது. பவளக்கொடிக்குக் கிடைக்க வேண்டியது இழுபடும்.

எதையும் மறைக்கவில்லை. நான் அவள் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஐம்பது நிமிஷம். வெளியே வந்தபோது என் முகம் எப்படி இருந்தது என்று யாரும் குறித்திருக்க மாட்டார்கள்.

ஜூலை 25, வியாழன்

மேனேஜர் ரூமில் விசாரணை. அரசாங்கத்து இன்ஸ்பெக்டர், வயதானவர், மீசை வெள்ளை. பக்கத்தில் மேனேஜரும் எச்.ஆரும். என்னை நிற்க வைத்தார்கள்.

இன்ஸ்பெக்டர் ஃபைலை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு ஏதோ கேட்டார். ஃபைல் கேட்டது போலத்தான் இருந்தது எனக்கு. எச்.ஆர். என்னைப் பார்த்துத் தலையை ஆட்டினார், ஆமாம் என்று சொல் என்பது போல.

தலையாட்டுவது எனக்குப் பழக்கம். மூன்று வருஷமாக அதைத்தானே செய்கிறேன். கழுத்து தானாக அசையப் பார்த்தது.

“சார்,” என்றேன். “அந்த ஃபைலக் கொஞ்சம் எறக்கிட்டுப் பேசுங். எனக்குக் காது கேக்காது.”

அவர் இறக்கினார்.

அதற்குப் பிறகு எல்லாம் சுலபமாக வந்தது. சுவிட்சுக்குப் பக்கத்தில் நான்தான் நின்றேன், அவள் மூன்று முறை கூப்பிட்டாள், எனக்குக் கேட்கவில்லை. மெஷின் ஓடும்போதே துடைக்கச் சொன்னது நான். கணக்கு வர வேண்டும் என்று என்னிடம் சொன்னது மேலே இருப்பவர்கள். அவள் கவனமில்லாமல் இருந்தாள் என்பது பொய். அவளைவிடக் கவனமான பெண் என் ஷிஃப்டில் இல்லை. டைப் அடித்த பேப்பரை, கையெழுத்துப் போடாமலே மேசையில் வைத்தேன்.

“இந்தம்மா பதட்டத்துல இருக்காங்க சார்,” என்றார் எச்.ஆர்.

“எனக்கு அப்படித் தெரியல,” என்றார் இன்ஸ்பெக்டர். என்னைப் பார்த்தே சொன்னார், எனக்குக் கேட்கட்டும் என்று.

சாயங்காலம் ஆஸ்பத்திரிக்குப் போய்ப் பவளக்கொடியிடம் சொன்னேன். “கோவமில்ல அம்முணி. கேக்கல. எதுவுமே கேக்கறதில்ல.” அவள் என் காதுப் பக்கம் பார்த்தாள். “இத முன்னாலயே சொல்லியிருக்கலாமல்லோ,” என்றாள். பிறகு அழுதாள். என் கையைப் பிடிக்க விட்டாள், ஆனால் அவள் பிடிக்கவில்லை.

வீட்டில் அவரிடமும் சொன்னேன். “எனக்கு எப்பவோ தெரியும் புள்ள. சொன்னா மொகம் வாடிப் போவீன்னு உட்டுட்டேன்,” என்றார். பல் இல்லாவிட்டாலும் விளங்கியது.

ஆகஸ்ட் 8, வியாழன்

எனக்கு சூப்பர்வைசர் வேலை போய்விட்டது. நூல் கோன் பேக்கிங்கில் செக்கிங் பார்க்கச் சொல்லியிருக்கிறார்கள். கண் நன்றாக இருக்கிறதல்லவா. வாசல் கூட்ட விடவில்லை. அதற்குப் பக்கத்துணையின் கோயமுத்தூர் ஆபீஸ் மேடம் வந்து இரண்டு மணி நேரம் வாதாடினாராம். இனி மெஷினை நிறுத்தாமல் துடைக்கச் சொன்னால் நாங்கள் வெளியேறிவிடுவோம், ஏன் வெளியேறினோம் என்று நூல் வாங்குகிறவர்களிடமும் சொல்லிவிடுவோம் என்றாராம். ஏழாம் நம்பர் மெஷினுக்கு இப்போது மூடி போட்டிருக்கிறார்கள். மற்றவற்றுக்குப் போடுவார்களா என்று பார்க்க வேண்டும்.

எச்.ஆர். அதே நாற்காலியில்தான் இருக்கிறார். என்னைப் பார்த்தால் போனை எடுத்துக் காதில் வைத்துக்கொள்கிறார்.

பவளக்கொடியின் விபத்து வேலையால் வந்ததென்று எழுதியாகிவிட்டது.

ரோஸ்லின் இன்றோடு கடைசி. தங்கலட்சுமி விஷயத்தை அவளே அவள் ஆபீசில் சொல்லிவிட்டாள். வேலை போகவில்லை, வேறு ஊருக்கு மாற்றிவிட்டார்கள். தங்கலட்சுமி வீட்டுக்கு நேரில் போய் மன்னிப்பும் கேட்டாளாம். வேலையைத் திரும்பக் கொடுக்கிறோம் என்றாலும் வேண்டாம் என்று கதவைச் சாத்திவிட்டாள் தங்கலட்சுமி. சாத்தத்தான் செய்வாள்.

கிளம்பும்போது ரோஸ்லின் என்னிடம் வந்தாள். நேர் எதிரே நின்று, “சேந்து சாப்புடலாமான்னு கேட்டேன், நீங்க வரவே இல்ல,” என்றாள். இருவரும் சேர்ந்து சாப்பிட்டோம். கத்தரிக்காய்க் குழம்பு, உப்பு கம்மி.

அடுத்த செவ்வாயிலிருந்து வேறு பெண் வருவாளாம். எப்படிப்பட்டவளோ. பார்க்க வேண்டும்.

ஆகஸ்ட் 20, செவ்வாய்

முப்பத்தேழு பேர் பெயர் இருந்த கடைசிப் பக்கங்களைக் கிழித்துத் தண்ணீர் காய்ச்சும் அடுப்பில் போட்டேன். வெந்நீர் கொதிக்கும் வரை நின்றேன். மீதிப் பக்கங்களில் என்னைப் பற்றித்தான் இருக்கிறது. அது இருக்கட்டும்.

செப்டம்பர் 12, வியாழன்

காதுக்கு மெஷின் வந்து நாலு நாள் ஆகிறது. வலது காதுக்கு மட்டும். இடது காது மெஷினுக்கும் மசியாது என்றார் டாக்டர். முதல் நாள் தலைவலிதான் வந்தது. தட்டு வைக்கிற சத்தம்கூடச் சுத்தியல் அடி மாதிரி. அவர் சாப்பிடும்போது இவ்வளவு சத்தம் போடுவார் என்று எனக்குத் தெரியாமலே போயிற்று.

இன்று அதைப் போட்டுக்கொண்டு முதல்முறையாகக் கேன்டீனுக்குப் போனேன். பவளக்கொடி இன்னும் வேலைக்கு வரவில்லை, அடுத்த மாதம் என்கிறார்கள். ஜன்னலோரமாக உட்கார்ந்தேன். பின்னால் இரண்டு பேர் வந்து உட்கார்ந்தார்கள். புதிதாகச் சேர்ந்த பெண்ணும், என் பழைய ஷிஃப்டில் இருந்த சரசாளும்.

“அந்தக்காதான,” என்றது புதுக்குரல். “அந்தப் புள்ள கத்துனது கேக்காம நின்னது?”

“மெதுவாப் பேசு. ஆமா, அந்தக்காதான்.”

“அதுனாலதான வெரலு போச்சு.”

“ம். போச்சுத்தான்.” சரசாள் எதையோ மென்று விழுங்குகிற சத்தம். “ஆனா நாந்தான் நின்னேன்னு அந்தக்காவே போயி சொல்லுச்சு. இங்க யாரு சொல்லுவா?”

இத்தனை மாதமாக என் முதுகுக்குப் பின்னால் என்ன பேசுகிறார்கள் என்று தவித்தேனே, அது இதுதான். இரண்டுமே நிஜம். ஒன்றை வைத்து இன்னொன்றை அழிக்க முடியாது.

நான் திரும்பவில்லை. திரும்பினால் பேச்சை நிறுத்திவிடுவார்கள். அவர்கள் என்னைப் பற்றி இன்னும் கொஞ்சம் பேசினார்கள், பிறகு சீட்டு நாளைப் பற்றி, பிறகு உடுமலை பஸ் இப்போதெல்லாம் நேரத்துக்கு வருவதில்லை என்பதைப் பற்றி. கடைசிவரை கேட்டுக்கொண்டே சாப்பிட்டேன்.